துயரத்துக்குப் பொருந்தும் பழமொழியைத் தேடி எடுப்பது எப்படி?

"தலைவலியும் காய்ச்சலும் தனக்கு வந்தால்தான் தெரியும்" என்ற பழமொழியைச் சற்று நிதானித்துப் படித்தால், அதற்குள் ஒரு முரண் இருப்பது புலப்படும். என் வலி எனக்குத்தான் தெரியும், அடுத்தவர் அதை அறிய முடியாது என்று அது சொல்கிறது. ஆனால் அதைச் சொல்லாத ஊர் இல்லை. சொல்லாத வீடும் இல்லை. தன்னைத் தவிர வேறு யாருக்கும் தெரியாது என்று ஒவ்வொருவரும் தனித்தனியே எண்ணியதை எல்லோருமே எண்ணியிருக்கிறார்கள் என்பதற்கு அந்தப் பழமொழியே சாட்சியாக நிற்கிறது. பழமொழிகளும் பழம்பாடல் வரிகளும் தரும் ஆறுதல் பெரும்பாலும் இந்த இடத்திலிருந்துதான் பிறக்கிறது. அவை நோயைத் தீர்ப்பதில்லை, இழந்ததை மீட்டுத் தருவதும் இல்லை. இந்த உணர்வுக்கு நமக்கு முன்பே ஒருவர் ஆளாகியிருக்கிறார், அதற்கு ஒரு சொல்லும் கண்டிருக்கிறார் என்பதை மட்டும் தெரிவிக்கின்றன. துன்பத்தின் நடுவில் இருப்பவருக்கு அந்தச் செய்தி சிறியதன்று.

இருந்தும், ஆறுதலுக்கென்று சொல்லப்படும் சொற்கள் பல வேளைகளில் எரிச்சலையே உண்டாக்குகின்றன. காலையில் கைப்பேசிக்கு வந்து சேரும் பொன்மொழிகளைப் படித்து மனம் தேறியவர்களை நான் அதிகம் கண்டதில்லை. எந்தச் சொல்லை எந்த நேரத்தில் எடுப்பது, அதை யார் வாயிலிருந்து கேட்பது என்பதில் ஒரு முறை இருக்கிறது. அந்த முறை நம் முன்னோருக்குப் பழக்கத்திலேயே தெரிந்திருந்தது. பாட்டி தாத்தாவோடு ஒரே வீட்டில் வாழாத நமக்கு அதை எழுதிச் சொல்ல வேண்டியிருக்கிறது.

அறிவுரையைப் பிரித்து வைத்தல்

முதலில் செய்ய வேண்டியது, உங்களுக்குத் தெரிந்த பழமொழிகளை இரண்டு வகையாகப் பிரிப்பது. ஒரு வகை, என்ன செய்ய வேண்டும் என்று சொல்லும். "இடுக்கண் வருங்கால் நகுக" என்பது அந்த வகை. "கிட்டாதாயின் வெட்டென மற" என்பதும் அந்த வகையே. இன்னொரு வகை, ஒன்றும் செய்யச் சொல்லாது. உள்ள நிலையை மட்டும் சொல்லிவிட்டு நின்றுவிடும். "பட்ட காலிலே படும், கெட்ட குடியே கெடும்" என்பது அப்படிப்பட்டது. "மத்தளத்துக்கு இரண்டு பக்கமும் இடி", "பெத்த மனம் பித்து, பிள்ளை மனம் கல்லு", "ஏழை சொல் அம்பலம் ஏறாது" ஆகியவையும் அவ்வாறே.

துன்பம் புதிதாக இருக்கும்போது முதல் வகையை நெருங்காமல் இருப்பது நல்லது. வேலை போன மறுநாள் ஒருவரிடம் துன்பத்தைக் கண்டு சிரி என்றால், வேலை போன கவலையோடு சிரிக்க முடியவில்லையே என்ற குறையும் சேர்ந்துகொள்ளும். வள்ளுவர் சொன்னது பொய்யன்று. அது பிறகு வர வேண்டிய சொல். மாறாக, கணவரின் மருத்துவச் செலவுக்கு நகையை அடகு வைத்த வாரத்திலேயே மழையில் வீட்டுச் சுவரும் இடிந்துவிட்ட ஒரு பெண், "பட்ட காலிலே படும்" என்று ஒரு பெருமூச்சோடு சொல்லும்போது அவள் தோள்கள் சற்றே தளர்வதைப் பார்க்கலாம். வெளியிலிருந்து கேட்பவருக்கு அது நம்பிக்கையற்ற பேச்சாகத் தோன்றும். உள்ளே நடப்பது வேறு. துன்பங்கள் ஒன்றன்மேல் ஒன்றாக வருவது தன் தவறால் அன்று, உலகத்தில் அப்படி நேர்வதுண்டு, அதற்கென்று ஒரு பேச்சே இருக்கிறது என்று அந்தச் சொல் அவளுக்குச் சொல்கிறது. நான் என்ன பாவம் செய்தேன் என்ற கேள்வியிலிருந்து அவளைச் சிறிது நேரமாவது விடுவிக்கிறது.

எனவே சோதனை எளியது. ஒரு சொல்லைப் படித்து முடித்ததும் அது உங்களிடம் எதையாவது கேட்கிறதா என்று பாருங்கள். பொறுமையையோ, துணிவையோ, மறதியையோ, மன்னிப்பையோ கேட்டால் அதை எடுத்து ஓரமாக வையுங்கள். ஒன்றும் கேட்காமல் உங்கள் அருகில் வந்து உட்காரும் சொல்தான் இப்போது தேவை.

உளவியலிலும் இதற்கு ஒத்த கருத்து ஒன்று உண்டு. அமெரிக்க உளவியலாளர் கிறிஸ்டின் நெஃப் 2003-ஆம் ஆண்டு, தன்மீதே பரிவு கொள்ளுதல் என்பதை மூன்று கூறுகளாக விளக்கினார். தன்னிடம் கனிவாக இருப்பது ஒன்று. தன் துன்பத்தை மனிதர்கள் எல்லோருக்கும் பொதுவான ஒன்றாகக் காண்பது மற்றொன்று. உணர்வை மறைக்காமலும் பெரிதாக்காமலும் கவனிப்பது மூன்றாவது. நடுவில் உள்ள கூற்றை நம்மவர்கள் "வீட்டுக்கு வீடு வாசற்படி" என்று மூன்று சொல்லில் முடித்துவிட்டார்கள்.

உணர்வுக்கு முதலில் உங்கள் சொல்

பழமொழியைத் தேடுவதற்கு முன், உங்களுக்கு என்ன நேர்ந்திருக்கிறது என்பதை உங்கள் சொந்தப் பேச்சில் ஒரே வரியாக எழுதிப் பாருங்கள். கவலையாக இருக்கிறது, மனசு சரியில்லை என்று எழுதினால் போதாது. அந்தச் சொற்களுக்குள் பல உணர்வுகள் அடங்கிவிடும். வெளிநாட்டில் வேலை பார்க்கும் ஒருவர் ஊர் நினைப்பாக இருக்கிறது என்று தொடங்கலாம். இன்னும் இரண்டு வரி எழுதினால், விடுமுறைக்கு ஊருக்குப் போனபோதும் அங்கே தன் இடம் இல்லாமல் போயிருந்தது நினைவுக்கு வரும். அப்போது அவருக்கு வேண்டியது ஊர் ஏக்கத்தைச் சொல்லும் வரி இல்லை. "ஆற்றிலே ஒரு கால், சேற்றிலே ஒரு கால்" என்பதே அவருடைய வரி. படுக்கையில் விழுந்த தாயைப் பல மாதங்களாகப் பார்த்துக்கொள்ளும் மகள் அலுப்பாக இருக்கிறது என்று எழுதக்கூடும். அலுப்புக்குக் கீழே, இது எப்போது முடியும் என்று நினைத்துவிட்ட குற்ற உணர்வு இருக்கலாம். உடன்பிறந்தவர்கள் எட்டிப் பார்க்கவில்லை என்ற கோபமும் இருக்கலாம். இவை ஒவ்வொன்றுக்கும் வேறு வேறு சொல் வேண்டும்.

வெட்கமா, பொறாமையா, பயமா, ஏமாற்றமா என்று தெரிந்துவிட்டால் பாதித் தேடல் முடிந்தது. வளர்த்தவர்களே எதிராகத் திரும்பினால் "வளர்த்த கடா மார்பில் பாய்ந்தது" என்று சொல்லியிருக்கிறார்கள். ஒருமுறை அடிபட்டபின் நல்லவரையும் நம்ப முடியாமல் தவிப்பவருக்குச் "சூடு கண்ட பூனை அடுப்பங்கரை சேராது" என்பது இருக்கிறது. தாய்க்கும் மனைவிக்கும் நடுவே சிக்கியவர், மேலதிகாரிக்கும் தொழிலாளிக்கும் நடுவே நிற்கும் மேற்பார்வையாளர் ஆகியோர் தங்களை "இருதலைக் கொள்ளி எறும்பு" என்ற தொடரில் கண்டுகொள்கிறார்கள். தேர்ச்சியும் பெயரும் பெற்றவர் ஒருநாள் சறுக்கி விழுந்து, எல்லோரும் பார்த்துவிட்டார்களே என்று கூசும்போது "யானைக்கும் அடி சறுக்கும்" என்பது உதவும். அது யானையின் பெருமையைக் குறைக்கவில்லை என்பதைக் கவனியுங்கள்.

அச்சில் வந்த தொகுப்புகள் இந்தத் தேடலுக்கு ஓரளவு துணை செய்யும். பீட்டர் பெர்சிவல் என்ற பாதிரியார் 1874-இல் வெளியிட்ட தொகுப்பில் ஆறாயிரத்துக்கும் மேற்பட்ட தமிழ்ப் பழமொழிகள் அகர வரிசையில் உள்ளன. டென்மார்க்கிலிருந்து வந்த ஹெர்மன் ஜென்சன் 1897-இல் வெளியிட்ட தொகுப்பு அதைவிடச் சிறியது; ஆனால் பொருள்வாரியாகப் பிரிக்கப்பட்டது. கி.வா. ஜகந்நாதன் தொகுத்த தமிழ்ப் பழமொழிகள் நான்கு தொகுதிகளாக வந்தன. அகர வரிசைத் தொகுப்பில் ஓர் உணர்வைத் தேடிக் கண்டுபிடிப்பது கடினம். ஆகவே நாளுக்கு இரண்டு பக்கம் என்று படித்து, மனத்தைத் தொடும் வரியின் அருகே பென்சிலால் ஒரு கோடு போட்டு வருவதே வழி. துன்பம் வருவதற்கு முன்பே இதைச் செய்து வைப்பவர் பாக்கியசாலி. துன்பத்தின் நடுவில் தொகுப்பு நூல் படிக்கும் பொறுமை யாருக்கும் இராது.

வீட்டுப் பெரியவர்கள் நூலைவிட நல்ல களஞ்சியம். ஆனால் அவர்களிடம் கேட்பதில் ஒரு நுட்பம் உண்டு. பாட்டி, ஒரு பழமொழி சொல்லுங்கள் என்று கேட்டால் அவருக்கு ஒன்றும் நினைவுக்கு வராது. அல்லது பள்ளிக்கூடப் புத்தகத்தில் உள்ள ஒன்றைச் சொல்வார். தொல்காப்பியம் முதுமொழிக்கு இலக்கணம் சொல்லும்போது, நுட்பமும் சுருக்கமும் ஒளியும் உடையதாய், "குறித்த பொருளை முடித்தற்கு வரூஉம்" என்கிறது. முன்பே ஒரு பொருள் குறிக்கப்பட்டிருந்தால்தான் அதை முடித்துவைக்கப் பழமொழி வரும். ஆகவே நடந்ததைச் சொல்லுங்கள். தம்பி வீட்டை விற்றுவிட்டான் பாட்டி, என்னிடம் ஒரு வார்த்தைகூடக் கேட்கவில்லை என்று சொல்லிவிட்டுச் சும்மா இருங்கள். அவர் வெற்றிலையை மென்றபடி சொல்லும் அடுத்த வரிதான் நீங்கள் தேடியது. அதை அவர் சொன்ன உச்சரிப்பிலேயே எழுதிக்கொள்ளுங்கள். பெத்த மனம் என்பதைப் பெற்ற மனம் என்று திருத்தினால், அந்த வரியிலிருந்து அவருடைய குரல் போய்விடும்.

தூக்கம் வராத இரவுக்கு மூன்று குரல்கள்

பழமொழிக்கு அப்பால், ஆறுதல் தேடுவோர் பெரும்பாலும் திறந்து பார்க்காத இடம் ஒன்றைச் சொல்ல விரும்புகிறேன். துன்பத்தில் இருப்பவருக்குத் திருக்குறளைப் பரிந்துரைப்பவர்கள் பொருட்பாலில் 63-ஆம் அதிகாரமான இடுக்கண் அழியாமையையே காட்டுவார்கள். அது திடமான அதிகாரம்தான். ஆனால் அறிவுரை அதிகாரம். மனம் நோகும்போது மனம் பேசும் பேச்சு முழுவதும் இருப்பது காமத்துப்பாலில். 109 முதல் 133 வரையுள்ள அந்த 25 அதிகாரங்களில் வள்ளுவர் அறம் உரைப்பதைப் பெரும்பாலும் நிறுத்திவிட்டு, பிரிந்து தவிக்கும் மனிதர்களைப் பேச விடுகிறார். அவை காதலர்க்கு மட்டும் உரியவை என்று ஒதுக்க வேண்டியதில்லை. காத்திருத்தலும் தனிமையும் உறங்காமையும் எல்லா இழப்புகளிலும் உண்டு. "நினைத்தொன்று சொல்லாயோ நெஞ்சே எனைத்தொன்றும் எவ்வநோய் தீர்க்கும் மருந்து" என்ற 1241-ஆம் குறளில், தன் நெஞ்சிடமே ஒருத்தி மருந்து கேட்கிறாள். எதுவாயினும் சரி, யோசித்து ஒன்று சொல் என்று கெஞ்சுகிறாள். மருத்துவ அறிக்கை வருவதற்காகக் காத்திருக்கும் ஒருவருக்கும் அந்தக் கெஞ்சல் உரியதே.

உறக்கமற்ற இரவை எடுத்துக்கொண்டால், உணர்வுக்கேற்ற வரியைத் தேர்வது என்றால் என்ன என்பது தெளிவாகும். குறுந்தொகையின் 6-ஆம் பாட்டில், பதுமனார் என்ற புலவர் ஒரு பெண்ணின் குரலில் சொல்கிறார்: நள்ளிரவு ஆகிவிட்டது, பேச்சு அடங்கி எல்லோரும் இனிதே உறங்கிவிட்டார்கள், அகன்ற உலகமும் உறங்குகிறது, "ஓர்யான் மன்ற துஞ்சா தேனே." நான் ஒருத்திதான் உறங்காமல் இருக்கிறேன். நான்கே அடி; அதில் புகார் இல்லை, விளக்கம் இல்லை. படுக்கையில் புரண்டபடி ஊரெல்லாம் தூங்கும் ஒலியைக் கேட்டுக்கொண்டிருப்பவருக்கு, இன்னொருவரும் அதே போல் விழித்திருந்தார் என்ற துணை அதில் கிடைக்கிறது.

அதே தொகையின் 28-ஆம் பாட்டு ஔவையாருடையது. அங்கும் இரவு, அங்கும் ஊர் உறங்குகிறது. ஆனால் பேசுபவளுக்குச் சினம் பொங்குகிறது. முட்டுவேனா, தாக்குவேனா, ஏதாவது ஒரு சாக்கில் ஆ ஒல் என்று கூவிவிடுவேனா என்கிறாள். "என் உயவுநோய் அறியாது துஞ்சும் ஊர்க்கே" என்று முடிகிறது. என் வலி தெரியாமல் தூங்குகிற இந்த ஊருக்கு நான் என்ன செய்வேன் என்ற அந்தக் கோபம், நமக்கு வரும்போது அதை வெளியில் சொல்ல வெட்கப்படுகிறோம். நம் வீட்டில் ஒரு சாவு நடந்திருக்கும்போது எதிர் வீட்டில் தொலைக்காட்சி ஓடுவதைக் கேட்டு மனம் கொதிப்பது இழிவானதென்று நினைத்துக்கொள்கிறோம். ஔவையார் அதை இழிவாக நினைக்கவில்லை, பாட்டாக்கினார்.

மூன்றாவது குரல் 1168-ஆம் குறளில் இருக்கிறது: "மன்னுயிர் எல்லாம் துயிற்றி அளித்திரா என்னல்லது இல்லை துணை." உயிர்களையெல்லாம் உறங்க வைத்துவிட்ட இந்த இரவு பாவம், அதற்கு என்னைத் தவிரத் துணை இல்லை என்கிறாள். தன் தனிமையில் இருந்துகொண்டு இரவின் தனிமைக்கு இரங்குகிறாள்.

ஒரே இரவு, ஒரே உறக்கமின்மை. ஒருத்தி தனித்திருக்கிறாள், ஒருத்தி சினக்கிறாள், ஒருத்தி இரங்குகிறாள். இந்த மூன்றையும் படித்துவிட்டு, இன்று என் நிலை இவற்றில் எது என்று பாருங்கள். சினத்தில் இருக்கும் இரவில் மூன்றாவதைப் படித்தால் அது மெல்லிய பொய்யாகத் தோன்றும். சில வாரங்கள் கழித்து அதே குறள் சரியாகப் பொருந்தலாம். உரையோடு கூடிய சங்க நூல்கள் தமிழ் இணையக் கல்விக் கழகத்தின் தளத்திலும், மூலங்கள் 1998 முதல் இயங்கும் மதுரைத் திட்டத்தின் தளத்திலும் கட்டணமின்றிக் கிடைக்கின்றன. பழந்தமிழ் புரியாதே என்று தயங்க வேண்டாம். உரையை ஒருமுறை படித்துப் பொருள் தெரிந்துகொண்டபின், மூலத்தை மட்டும் திரும்பத் திரும்ப வாய்விட்டுச் சொன்னால் போதும்.

இழப்பை அளவாகச் சொல்லப் பழகுதல்

பெற்றோரை இழந்தவர்களுக்கும் வீட்டையும் ஊரையும் இழந்தவர்களுக்கும் புறநானூற்றின் 112-ஆம் பாட்டைவிடப் பொருத்தமான ஒன்றை நான் அறியேன். பறம்பு மலையை ஆண்ட பாரி, மூவேந்தரின் முற்றுகையில் இறந்தபின் அவன் மகளிர் பாடியது அது. சென்ற மாதம் அந்த வெண்ணிலவில் எங்கள் தந்தையும் இருந்தார், எங்கள் குன்றையும் பிறர் கொள்ளவில்லை. இந்த மாதம் இந்த வெண்ணிலவில் வென்று முரசறையும் வேந்தர் எங்கள் குன்றையும் கொண்டார்கள், எங்களுக்குத் தந்தையும் இல்லை. ஐந்து அடிகளில் இவ்வளவுதான் இருக்கிறது. அழுதோம் என்று அவர்கள் சொல்லவில்லை. பகைவரை வையவும் இல்லை. அன்று இருந்ததையும் இன்று இல்லாததையும் ஒரே நிலவின் கீழ் அடுத்தடுத்து வைத்ததோடு நிறுத்திக்கொண்டார்கள்.

இந்தப் பாட்டை ஆறுதலாகப் படிப்பதோடு, அதன் வடிவத்தையும் எடுத்துக்கொள்ளலாம். ஒரு தாளில் அன்று என்று தொடங்கி இரண்டு வரி, இன்று என்று தொடங்கி இரண்டு வரி எழுதுங்கள். நடுவில் மாறாத ஒன்று இருக்கட்டும். அவர்களுக்கு நிலவு இருந்தது போல உங்களுக்கு ஒரு பேருந்து நிறுத்தமோ, தை மாதமோ, ஞாயிற்றுக்கிழமைச் சமையலோ இருக்கலாம். சென்ற பொங்கலுக்கு இந்த முற்றத்தில் அப்பா கரும்பு வெட்டினார், இந்தப் பொங்கலுக்கு நாங்கள் பானை வைக்கவில்லை என்று எழுதினாலே போதும். அடைமொழிகளைச் சேர்க்காதீர்கள், எவ்வளவு வலிக்கிறது என்று விளக்காதீர்கள். சொல்லை அளக்கும்போது துயரமும் ஓர் அளவுக்குள் வந்து நிற்கிறது. என்ன இழந்தோம் என்று தெரியாமல் எல்லாமே போய்விட்டதாகத் தோன்றுவதைக் காட்டிலும், இழந்தது இன்னது என்று தெரிவது தாங்கக்கூடியது.

அடுத்தவர் மகிழ்ச்சியைக் கண்டு மனம் கசப்பவர்களுக்குப் புறநானூற்றின் 194-ஆம் பாட்டு உரியது. ஒரு வீட்டில் சாப்பறை ஒலிக்கிறது, இன்னொரு வீட்டில் மண முழவு அதிர்கிறது. ஒருத்தி பூ அணிகிறாள், ஒருத்தியின் கண்ணில் நீர் நிற்கவில்லை. இப்படி உலகத்தைப் படைத்தவன் பண்பில்லாதவன் என்றே பக்குடுக்கை நன்கணியார் சொல்லிவிடுகிறார். அதன் பிறகுதான் "இன்னாது அம்ம இவ்வுலகம், இனிய காண்க இதன் இயல்புணர்ந் தோரே" என்ற அறிவுரை வருகிறது. இந்த வரிசையைக் கவனிக்க வேண்டும். கடைசி வரியை மட்டும் பிரித்தெடுத்து, இனியதைக் காண் என்று அட்டையில் அச்சிட்டால் அது வெறும் உபதேசம். முழுப் பாட்டையும் படித்தவருக்கோ, தன் கசப்பையும் கடவுள்மேல் வந்த கோபத்தையும் முழுவதும் சொல்ல இடம் கொடுத்த ஒருவர் கடைசியில் சொன்ன சொல்லாக அது வந்து சேர்கிறது. ஆகவே எந்த வரி பிடித்தாலும், அதன் முழுப் பாட்டையும் ஒருமுறை தேடிப் படித்துவிடுங்கள்.

சொன்னவர் யார் என்பதையும் சரிபார்த்துக்கொள்வது நல்லது. "கடன்பட்டார் நெஞ்சம்போல் கலங்கினான் இலங்கை வேந்தன்" என்பதைக் கம்பர் வாக்காகவே பலர் மேடையில் சொல்கிறார்கள். கம்பராமாயணத்தில் அந்த வரி இல்லை. வட்டிக்காரருக்குப் பதில் சொல்ல முடியாமல் படுத்திருப்பவருக்கு அந்த வரி செய்யும் உதவி இதனால் குறையாது. ஆனாலும் பிறருக்குச் சொல்லும்போது தவறான பெயரைச் சேர்த்துச் சொல்ல வேண்டாம். குறளுக்கு எண் இருக்கிறது, சங்கப் பாட்டுக்கும் எண் இருக்கிறது. எண் இல்லாமல் வருகிற குறளைச் சற்றுச் சந்தேகிக்கலாம்.

விலக்க வேண்டியவை

எல்லாப் பழமொழியும் நன்மைக்கானது என்று எண்ணிவிடக் கூடாது. "கல்லானாலும் கணவன், புல்லானாலும் புருஷன்" என்பது அடிபடும் பெண்ணை வாய்மூடச் செய்யப் பயன்பட்டிருக்கிறது. "அடிக்கிற கைதான் அணைக்கும்" என்பதும் அப்படியே. மரணம், முதுமை, பிரிவு போன்றவற்றால் வரும் துன்பத்துக்கும், இன்னொருவர் செய்யும் தீங்கால் வரும் துன்பத்துக்கும் வேறுபாடு உண்டு. முன்னதற்கு ஏற்றுக்கொள்ளும் சொல் பொருந்தும். பின்னதற்கு அந்த வகைச் சொல்லை யாராவது கொண்டு வந்தால், அதனால் இலாபம் யாருக்கு என்று கேட்டுப் பாருங்கள். தீங்கு செய்பவருக்கு இலாபம் என்றால் அது ஆறுதல் இல்லை. அத்தகைய நிலையில், வலியை வலி என்று ஒப்புக்கொள்ளும் "தீயினாற் சுட்டபுண் உள்ளாறும் ஆறாதே நாவினாற் சுட்ட வடு" போன்ற சொல்லே உண்மையான துணை. அதுவும் அடுத்த நடவடிக்கை எடுக்கும் வரைக்கான துணைதான்.

பழமொழிகள் ஒன்றோடொன்று முரண்படுவதைக் கண்டு குழம்ப வேண்டியதில்லை. "தனிமரம் தோப்பாகாது" என்றும் சொல்வார்கள், "தன் கையே தனக்கு உதவி" என்றும் சொல்வார்கள். இரண்டும் வெவ்வேறு நாட்களில் மெய்யாகின்றன.

சொல்லால் ஆகாத நிலையும் உண்டு. வாரக்கணக்கில் உறக்கமும் பசியும் இல்லாமல் போனாலோ, அன்றாட வேலை செய்ய முடியாமல் போனாலோ, இருந்து என்ன பயன் என்ற எண்ணம் வந்தாலோ மருத்துவரிடம் போவதே சரி. இந்தியாவில் டெலிமானஸ் என்ற மனநல உதவிச் சேவையின் 14416 என்ற எண்ணை எந்நேரமும் கட்டணமின்றி அழைத்துத் தமிழில் பேசலாம். தமிழ்நாட்டில் 104 என்ற எண்ணும் உண்டு. இலங்கையில் தேசிய மனநல நிறுவகத்தின் 1926 என்ற எண் இருக்கிறது. இருந்து என்ன பயன் என்ற எண்ணமே வந்திருந்தால் இந்தக் கட்டுரையை இங்கேயே நிறுத்திவிட்டு முதலில் அழையுங்கள்.

பிறருக்குச் சொல்லும்போது

தனக்குத் தானே சொல்லிக்கொண்டால் வலிமை தரும் சொல், அடுத்தவர் வாயிலிருந்து வரும்போது கொடுமையாகிவிடலாம். "அழுதாலும் பிள்ளை அவளே பெற வேண்டும்" என்பதைப் பிரசவ வலியில் இருப்பவளிடமோ, வழக்கு மன்றத்துக்குத் தனியே அலைபவளிடமோ பக்கத்தில் நிற்பவர் சொல்வது தகாது. அவள் தானே சொன்னால் அது அவளுடைய உறுதி. "ஆண்டாண்டு தோறும் அழுது புரண்டாலும் மாண்டார் வருவரோ" என்ற நல்வழி அடியும் அப்படிப்பட்டதே. அதன் உண்மையில் யாருக்கும் ஐயம் இல்லை. துக்க வீட்டில் முதல் நாள் அதைச் சொல்ல நமக்கு உரிமை இல்லை.

துக்கம் விசாரிக்கப் போகிறவர்கள் அதிகம் பேசாமல் உட்கார்ந்திருந்து, போகும்போது விடைபெறாமல் எழுந்து போவது நம் வழக்கம். அந்த வழக்கத்தில் பெரிய அறிவு இருக்கிறது. ஒப்பாரியில் பெண்கள் தோளில் கைபோட்டுக் கூடி அழும்போது, இறந்தவரைப் பற்றிய வரிகளோடு தங்கள் வீட்டில் முன்பு போனவர்களையும் சேர்த்துப் பாடி அழுவார்கள். துக்கத்தில் இருப்பவளுக்கு யாரும் அங்கே உபதேசம் செய்வதில்லை. தங்கள் துக்கத்தை அவள் துக்கத்தின் அருகில் கொண்டுவந்து வைக்கிறார்கள். நீங்கள் ஒரு சொல் சொல்லியே ஆக வேண்டுமென்றால், இந்த முறையைப் பின்பற்றுங்கள். உங்களுக்கு நேர்ந்ததைச் சுருக்கமாகச் சொல்லி, அப்போது உங்களுக்குத் துணை நின்ற வரி இது என்று சொல்லுங்கள். எடுத்துக்கொள்வதும் விடுவதும் அவர் விருப்பம்.

நேரமும் முக்கியம். தமிழ்நாட்டில் பல குடும்பங்களில் பதினாறாம் நாள் காரியம் முடிந்தபிறகும், யாழ்ப்பாணத்தில் முப்பத்தொன்றாம் நாள் அந்தியேட்டி முடிந்தபிறகும் வந்துபோவோர் குறைந்துவிடுவார்கள். தொலைபேசி அழைப்புகளும் நின்றுபோகும். வீடு உண்மையில் வெறிச்சோடுவது அப்போதுதான். ஆகவே இரண்டாம் மாதத்திலோ மூன்றாம் மாதத்திலோ ஒருநாள் போய், இறந்தவரின் பெயரைச் சொல்லி அவரைப் பற்றிக் கேளுங்கள். அவர்கள் பேசட்டும். பேச்சின் நடுவில் அவர்களே ஒரு பழமொழியைப் பாதி சொல்லி நிறுத்தினால் மீதியை நீங்கள் சொல்லி முடிக்கலாம். அவர்கள் படிக்கும் மனநிலையில் இருந்தால், பாரி மகளிரின் அந்த ஐந்து அடிகளை உங்கள் கையாலேயே ஒரு தாளில் எழுதி, கீழே பொருளையும் எழுதிக் கொடுத்துவிட்டு வாருங்கள்.